ஹலினாவின் குளியலறைத் தரை

“உன் கக்கூஸ் தண்ணி என் சூப்புல சொட்டுது! நீ அக்காவா, அரக்கியா?”

“சூப்பை நகத்தி வைடி. நீலக்கல்லு பதிக்கத் தெரிஞ்சவளுக்கு அது தெரியாதா?”

பஃபலோ நகரில் எங்கள் தெருவில், கீழ்வீட்டு ஸோஃபியும் மேல்வீட்டு ஹலினாவும் இப்படிக் கத்திக்கொண்டிருந்த வசந்தத்தில், ஹலினாவின் குளியலறைத் தரை வளர ஆரம்பித்திருந்தது. தங்கை தன் குளியலறைத் தரையில் நீலக்கல் பதித்தாள் என்று, பழைய தரையைப் பெயர்க்காமல் அதன் மேலேயே அக்காவும் பதித்தாள். அதுவரை மனிதச் செயல். பிறகு அவள் பொறாமைப்படும்போதெல்லாம் தரை தானாகவே உயர்ந்தது. தெருவில் யாரும் அலட்டிக்கொள்ளவில்லை. பன்றிக்கறி விலைகூட அப்படித்தான் உயர்ந்துகொண்டிருந்தது.

குழாய் வேலைக்கு வந்த கஸிமிர், மனைவியை இழந்தவன், அகன்ற தோள்காரன். ஆடிய கக்கூஸ் கோப்பையைத் தூக்கிப் பார்த்தான். கோப்பையைச் சாக்கடைக் குழாயோடு பிடித்து நிறுத்தும் ஃபிளாஞ்ச் வளையம் பள்ளத்தில் கிடந்தது. “இது தரைக்கு மேல கால் அங்குலம் நிக்கணுங்க. உங்க தரை இதை முழுங்கிருச்சு.” மேலே இன்னொரு வளையம் வைத்துத் தரையோடு திருகி, கசிவை அடைக்கப் புது மெழுகு போட்டு, கோப்பையை ஆடாமல் உட்கார வைத்தான். ஹலினா அவன் கழுத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள் என்பது எதிர்வீட்டு ஜன்னலிலிருந்தே தெரிந்தது.

போகும்போது, நனைந்த கூரையைப் பார்க்கக் கீழே நுழைந்தான். ஸோஃபி வெங்காயம் வதக்கிப் போட்ட பியரோகிக் கொழுக்கட்டையை நீட்டினாள். விடிவதற்குள் மேலே தரை அரைச்சாண் ஏறியது. சூப்பில் மறுபடி சொட்டியது.

“கூரையத்தான் காமிச்சேன், அக்கா.”

“கூரையக் காமிக்க உதட்டுச் சாயம் எதுக்குடி?”

வாராவாரம் கஸிமிர் வந்தான், வளையத்தை ஏற்றினான், பியரோகி தின்றான், தரை ஏறியது. இப்படியே போனால் தங்கை அவனைத் தட்டிக்கொண்டு போய்விடுவாள் என்று ஹலினா இளைத்துப்போனாள். கடைசியில் ஒருநாள், திருகாணியைக் கையில் வைத்துக்கொண்டே அவன் ஹலினாவிடம் சொன்னான்: “வந்து வந்து போறதுக்கு இங்கயே இருந்துடறேனே.”

ஈஸ்டர் கழிந்து கல்யாணம். தரை அடங்கும் என்று நினைத்தோம். குழாய்க்காரனை எத்தனை பெண்கள் தொலைபேசியில் கூப்பிடுவார்கள் என்பதை நாங்கள் யோசிக்கவில்லை. அந்தக் குளியலறைக்கு இப்போது படி ஏறித்தான் போக வேண்டும்.

ஸோஃபி, கூரைக்குச் சாந்து பூச வந்த எட்வினைக் கட்டிக்கொண்டு கிளீவ்லாண்டுக்குப் போனாள். அங்கே அவளுக்கு இரண்டு குளியலறை என்று சேதி வந்த அன்று, இங்கே தரை முழங்கால் உயரம் எழும்பியது. கஸிமிர் இன்னொரு படி அடித்தான், வளையத்தை ஏற்றினான், கால் அங்குலம் அளந்து பார்த்தான். கோப்பை ஆடவில்லை. ஹலினா உட்கார்ந்தால் தலை கூரையில் இடிக்கிறது, அவ்வளவுதான்.