நாற்பத்தோராம் பக்கம்

மேஜர் பெஸ்தானா நாற்பதாம் பக்கத்தைப் புரட்டினார். அடுத்தது நாற்பத்திரண்டு. விரலில் எச்சில் தொட்டு மறுபடியும் புரட்டிப் பார்த்தார். எதிரே உட்கார்ந்திருந்த இர்மெலிந்தா கைப்பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

லிஸ்பனில் இந்தத் தணிக்கை மேசைக்கு வராமல் எந்தத் திரைக்கதையும் படமாவதில்லை. மூன்று பிரதி கொடுக்க வேண்டும். மேஜருடைய நீலப் பென்சில் அடித்தது போக மிஞ்சியதுதான் படம். நேற்று, கொடுப்பதற்குச் சற்று முன்னால் பயந்துபோய், மூன்றிலிருந்தும் அந்த ஒரு பக்கத்தை உருவிவிட்டாள். எண்களை மாற்றத் தோன்றவில்லை. இருபது வருஷம் நடித்தவள்; அம்மா வேஷத்துக்கு மட்டும் கூப்பிட ஆரம்பித்த பிறகுதான் எழுத உட்கார்ந்தாள். தன் வசனம் வரும் பக்கம் தவிர வேறு பக்கத்தின் எண்ணை அவள் என்றைக்குப் பார்த்தாள்?

உருவிய தாள்கள் இப்போது மடியிலிருந்த கைப்பைக்குள் இருந்தன. வீட்டில் வைக்கவும் பயம். ரகசியப் போலீஸ் இரண்டு தடவை வந்து அலமாரியைக் கொட்டிவிட்டுப் போயிருக்கிறது. கதையில் நாற்பதாம் பக்கத்தில் ஒரு மீனவன் வீட்டை விட்டுப் போகிறான், நாற்பத்திரண்டில் திரும்பி வருகிறான். நடுவில் அவனுக்கு நடந்தது, அவளுடைய தம்பி ஜசிந்துவுக்குச் சிறையில் நடந்ததேதான். உட்கார விடாமல், தூங்க விடாமல் ஐந்து நாள் நிற்க வைத்தார்கள். வீங்கின காலில் போட்டிருந்த தோல் சப்பாத்தை வெட்டித்தான் எடுத்தார்களாம். அவன் இன்னும் உள்ளேதான் இருக்கிறான். பை திறந்தால் அவளும் உள்ளே.

டைப் அடித்த பெண் விட்டிருப்பாள் என்று முணுமுணுத்தாள்.

"அதனால என்ன, எழுதினது நீங்கதானே டோனா இர்மெலிந்தா? நடிச்சே காட்டுங்க. துணி துவைக்கிறவளா வந்தீங்களே, அந்தப் படத்தை நானும் வீட்டுக்காரியும் மூணு தடவை பாத்தோம்."

எழுந்து நின்றாள். மீனவனின் மனைவி கடற்கரையில் காத்திருப்பதாக ஆரம்பித்தாள். பொய் அதற்கு மேல் ஓடவில்லை. பயத்தில் வாய்க்கு வந்தது தம்பிக்கு நடந்ததுதான்.

"நிக்கறா. உக்காரல, தூங்கல. கண்ணு சொருகினா யாரோ தட்டி எழுப்பற மாதிரி இருக்கு. கால் வீங்கிடுச்சு. சப்பாத்தை வெட்டித்தான் எடுக்கணும்."

பென்சில் நின்றது.

"மீன்காரிக்கு ஏதும்மா சப்பாத்து? வெறுங்கால்லதானே திரிவாங்க?"

"ஞாயித்துக்கிழமை" என்றாள். "பூசைக்குப் போட்டது. அப்படியே கரைக்கு ஓடிட்டா."

மேஜர் தலையாட்டி எழுதிக்கொண்டார். எத்தனை நாள் நின்றாள் என்று கேட்டார். ஐந்து என்று சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள்.

அவர் அந்த எண்ணை நீலப் பென்சிலால் அடித்தார்.

"நாலுன்னு போட்டுக்கறேன். அஞ்சு நாள் நிக்கறவங்க ரொம்பக் கம்மி. நாலாம் நாளே விழுந்துடுவாங்க."

சர்க்கரை விலை சொல்வதுபோல் சொன்னார். பிறகு மூன்று பிரதியிலும் முத்திரை குத்தினார். படம் பிழைத்தது. இது இவருக்கு எப்படித் தெரியும் என்று அவள் கேட்கவில்லை; கேட்க வேண்டிய அவசியமும் இல்லை. கைப்பையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கிளம்பப் பார்த்தாள்.

"ஏன் நின்னுட்டே இருக்கீங்க?" என்றார் மேஜர். "உக்காருங்க. காப்பி வரச்சொல்றேன்."