ரஷ்யாவுக்கு ஒரு முடிவு

கிராக் விலாங்கு மீன் தின்ற விரலாலேயே என் தாளைப் புரட்டினார். எங்கள் ஊமைப்பட ஸ்டூடியோவில் படம் எடுப்பவர் அவர். கதை எழுதுகிறவள் நான். திரையில் அவர் பெயர் வரும், என் பெயர் வராது. அதைக்கூடப் பொறுத்துக்கொள்வேன். தாளில் ஒட்டிய அந்த மீன் எண்ணெயைத்தான் சகிக்க முடியவில்லை.

"கதை பிரமாதம், தோரா அம்மணி. ரஷ்யாவுக்கு முடிவு எங்க?"

எங்கள் படம் ஒவ்வொன்றுக்கும் இரண்டு முடிவு எடுப்போம். இங்கே கோபன்ஹேகனில் காட்ட ஒன்று, நல்லபடியாக. ரஷ்யாவுக்கு அனுப்ப ஒன்று; அதில் யாராவது செத்தே ஆகவேண்டும்.

"இந்தப் பொண்ணு சாகமாட்டா," என்றேன்.

"அங்க இருக்கிறவன் அழாம வீட்டுக்குப் போவானா? உங்களால ஆகலேன்னா விடுங்க, ஆபீஸ் கிளார்க் எழுதிடுவான்."

கதையில் வரும் அந்தப் பெண் என் தங்கை மெட்டே. பெரிய வீட்டில் வேலைக்கு நின்றாள். அந்த வீட்டு மகன் ஏமாற்றிக் கைவிட்டான். கைக்குழந்தையோடு தெருவுக்கு வந்தாள். இன்று கோபன்ஹேகனில் துணி வெளுத்து நிமிர்ந்து வாழ்கிறாள். "எழுதிக்கோ அக்கா. ஆனா கடைசில நான் பிள்ளையத் தூக்கிக்கிட்டு நடந்து போகணும்" என்று சொல்லித்தான் கதையைக் கொடுத்தாள். நானும் சத்தியம் செய்தேன்.

கிளார்க் எழுதினால் குட்டிச்சுவராக்கிவிடுவான், ரஷ்யாவில் மெட்டேயை யாருக்குத் தெரியும் என்று எனக்கு நானே சாக்குச் சொல்லிக்கொண்டு, அந்தச் சாவை எழுத நானே உட்கார்ந்தேன். பத்து நிமிஷம்கூட ஆகவில்லை. அசிங்கம் என்னவென்றால், நன்றாக வந்திருக்கிறதே என்று மகிழ்ந்தும் போனேன்.

படம் வெளியானது. ஞாயிறு மதியக் காட்சி. கஞ்சி போட்ட வெள்ளைக் காலரோடு மெட்டே என் பக்கத்தில். அவள் மடியில் பிள்ளை தூங்கிக்கொண்டிருந்தான். கடைசிச் சுருள் ஓடத் தொடங்கியதும் எனக்குப் புரிந்துவிட்டது. படச்சுருள் டப்பாவை மாற்றி அனுப்பியிருக்கிறார்கள். ரஷ்யாவுக்கான முடிவு எங்கள் தியேட்டரில் ஓடியது.

திரையில் அவள் பிள்ளையைத் தேவாலய வாசலில் கிடத்தினாள். துறைமுகத்துக்கு ஓடினாள். காலணிகளைக் கழற்றி, நாடாவை உள்ளே மடித்து, ஜோடியாக வைத்தாள். குதித்தாள். பியானோ உருகியது. பின்வரிசைப் பெண்மணி மிட்டாய் மென்றுகொண்டே விம்மினாள். கைதட்டல். முன்னால் கிராக் எழுந்து எல்லோருக்கும் வணக்கம் வைத்தார். அந்த விரல்களைப் பார்க்கவே குமட்டியது.

"டப்பா மாறிப்போச்சுடி மெட்டே. நம்ம முடிவு வேற இருக்கு. நீ நடந்து போறது..."

"இத எழுதினது யாரு?"

"ஆபீஸ் கிளார்க்."

அவள் என்னை நேராகப் பார்த்தாள்.

"நாடாவ உள்ள மடிச்சு வச்சிட்டு தெருவுக்கு வந்த அன்னிக்கு நான் தண்ணி ஓரமா நின்னேனே, அது கிளார்க்குக்கு எப்படிக்கா தெரியும்? உன்கிட்ட மட்டும்தானே சொன்னேன்."

பேனா பிடித்த என் விரல்களைக் குனிந்து பார்த்தேன். இவ்வளவு நேரம் கிராக்கைப் பார்த்துக் குமட்டிக்கொண்டிருந்தேன்.

மெட்டே பிள்ளையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டாள். ஜனங்கள் இன்னும் கைதட்டிக்கொண்டிருந்தார்கள். அவள் நடந்து போனாள்.