மூன்றாவது பாரிட்

விடியற்காலையில் ஆள் கணக்கெடுத்து வேலை பிரித்த பெரட்டுக்களம் இருந்த இடத்தில் இப்போது நீல நிறத் தகர அறை ஒன்று நிற்கிறது. கட்டுமானக் குத்தகையாளரின் மேற்பார்வையாளன் முகுந்தன் அதன் வாசலில் நின்றுதான் லீலாவதிக்கு வாக்குக் கொடுத்தான்.

"ஆபீஸ்ல பேசிட்டேன் ஆன்ட்டி, ஓக்கேன்னுட்டாங்க. நீங்க இடத்தக் காட்டி நாலு கம்பு நட்டுடுங்க. அதுக்குள்ள மெஷின் காலு வைக்காது. ஆனா வெள்ளிக்கிழமைக்குள்ள செய்யணும் லா. சனிக்கிழமை குளம் தோண்ட ஆரம்பிச்சிருவோம்."

ஆத்தடித் தோட்டம் கைமாறி ஓராண்டாகிறது. வீடுகள் வரப் போகின்றன. வீடுகளுக்கு முன்னால் மழைநீர்க் குளம் வர வேண்டும். லீலாவதி யாரிடமும் வீடு கேட்கவில்லை, நஷ்டஈடு கேட்கவில்லை. ஆறடி மண்ணைத் தொடாமல் விட்டுவிடுங்கள் என்று மட்டும் கேட்டாள். அங்கேதான் அவளுடைய மூத்த பிள்ளை கண்மணி கிடக்கிறாள். பிறந்து எண்பதாம் நாள் போனவள். பச்சைப்பிள்ளை என்பதால் கல் நடவில்லை, கருமாதி செய்யவில்லை. ரப்பர்ப் பால்மரத்தை அழித்து எண்ணெய்க்குச் செம்பனை நட்டபோது மேடும் கரைந்து போயிற்று.

ஆனால் இடம் தெரியும். அந்தத் தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு இடம் சொல்ல வேறு கணக்கு இருந்தது. ஆற்றிலிருந்து எண்ண வேண்டும். சாலை வருவதற்கு முன்னால் சிலாங்கூர் ஆறுதான் தோட்டத்துக்கு வாசல். ஆட்கள் படகில் வந்தார்கள், ரப்பரும் படகிலேயே போயிற்று. சதுப்பை வற்றவைக்க வெட்டிய வடிகால்களுக்கும் ஆற்றோரத்திலிருந்தே எண் கொடுத்தார்கள்: முதல் பாரிட், இரண்டாவது பாரிட் என்று ஆறாவது வரை. கண்மணி மூன்றாவது பாரிட்டின் மேல்கரை, கோயில் பாதை அதைக் கடக்கும் இடம்.

புக்கிட் ரோத்தான் வீட்டில், பக்கவாதத்தில் விழுந்து கிடந்த கணவன் தங்கராஜு ஒரே வார்த்தைதான் சொன்னான்.

"செல்லையாவையும் கூட்டிக்கிட்டுப் போ. அவன் மண்டோரு. கடைசி வரைக்கும் அங்கயே கெடந்தவன். நாம தொண்ணூத்தெட்டுலயே வந்துட்டோம்."

"அவன் மூஞ்சியில நான் முழிக்கணுமா?"

முப்பத்தொன்பது வருஷத்துக் கதை தங்கராஜுக்கும் தெரியும். பிள்ளைக்கு இழுப்பு வந்திருக்கிறது என்று பிள்ளைகளை விட்டுவிட்டு வரும் ஆயாக்கொட்டகையிலிருந்து ஆள் வந்து சொன்னபோது லீலாவதி ரப்பர்ப் பால் வெட்டிக்கொண்டு மரத்தடியில் நின்றாள். "பால எடுத்து ஊத்திட்டுப் போ" என்றான் வேலை வாங்கும் மண்டோர் செல்லையா. எடுத்து ஊற்றிவிட்டு ஓடினாள். அவள் போய்ச் சேர்ந்தபோது பிள்ளைமேல் துணி போர்த்தியிருந்தது.

வெள்ளிக்கிழமை காலை தனியாகவே போனாள். ஆற்றங்கரை மேட்டில் ஏறி நின்று பார்த்தாள். மேடு முன்பைவிட உயர்ந்திருந்தது. இறங்கி நடந்தாள். ஒன்று, இரண்டு, மூன்று. மூன்றாவதைக் கோயில் பாதை கடக்கும் இடத்தில், மேல்கரையில், நாலு இரும்புக் குழாய்களை அடித்து, சிவப்புப் பட்டையைச் சுற்றிக் கட்டினாள். இடுப்பு விட்டுப்போயிற்று. மனசு நிறைந்திருந்தது.

மறுநாளும் வந்துவிட்டாள். கவிழ்த்த வாளியின்மேல், கம்புகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். முகுந்தன் ஒரு பையில் தே ஓ, பாலில்லாத் தேநீர், வாங்கி வந்து கொடுத்தான்.

"என்ன ஆன்ட்டி, செக்கூரிட்டி வேலையா?"

"ஒன் மெஷின நம்ப முடியுமா?"

"என்னையாவது நம்புங்க லா."

இயந்திரம் அவளிடமிருந்து நூறு அடிக்கும் அப்பால், ஆற்றுப் பக்கமாக, செம்பனைகளைக் குச்சி மாதிரி பிடுங்கிப் போட்டுவிட்டு மண்ணை அள்ளிற்று. லோரிகள் வரிசையாக வந்தன, நிறைந்தன, போயின. லீலாவதி தே ஓவை உறிஞ்சியபடி வேடிக்கை பார்த்தாள். நம் பக்கம் வராதவரை சரி என்று நினைத்துக்கொண்டாள்.

இரண்டு மணிக்குப் பழைய மோட்டார் சைக்கிள் ஒன்று திணறிக்கொண்டு வந்து நின்றது. செல்லையா. எழுபத்தைந்து வயது, ஒரு கண்ணில் வெண்படலம். தங்கராஜுதான் போன் செய்திருக்கிறான்.

"இங்க எதுக்குத் தங்கச்சி கம்பு?"

"மூணாவது பாரிட். எனக்கும் எண்ணத் தெரியும் மண்டோரே."

"மொதப் பாரிட் எது?"

மேட்டை ஒட்டிக் கிடந்த வாய்க்காலைக் கைகாட்டினாள். செல்லையா அதைப் பார்த்தான். பிறகு அவளைப் பார்க்காமல், தரையைப் பார்த்துப் பேசினான்.

"அது ரெண்டாவது. நீங்க போன பின்னாடி பெரிய வெள்ளம் வந்துச்சு. கரைய அகலமாக் கட்டுனாங்க. மொதப் பாரிட்ட மூடி, அதும் மேலதான் கட்டுனாங்க. நான்தான் ஆள் வச்சு மூடுனேன்."

லீலாவதி எண்ணினாள். ஒன்று கரைக்கு அடியில். அடுத்தது இரண்டு. அதற்கடுத்தது மூன்று. அவள் விரல் போய் நின்ற இடத்தில் இயந்திரம் கழுத்தை வளைத்து, அன்றைக்கு எத்தனையாவது தடவையாகவோ, அள்ளிக்கொண்டிருந்தது. கோயில் பாதை அங்கே அறுந்து, பள்ளத்துக்குள் தொங்கிற்று.

அவள் அலறவில்லை. நேராக முகுந்தனிடம் போனாள்.

"தம்பி, இந்த மண்ணு எங்க போவுது?"

"புக்கிட் ரோத்தான் பக்கம் ஒரு தாழ்வான எடம் ஆன்ட்டி. அங்க கொட்டி மேடு பண்றாங்க. ஏன்?" செல்லையாவின் முகத்தைப் பார்த்ததும் அவனுக்குப் புரிந்துவிட்டது. "ஐயோ... ஆன்ட்டி, நீங்க காட்டுன எடத்த நான் தொடவே இல்லையே!"

"நீ தொடல சாமி. ஒன்மேல குத்தமில்ல."

முப்பத்தொன்பது வருஷமாகப் பேச்சுக்கொடுக்காத மனிதனின் வண்டியில், பின்னால் ஏறி உட்கார்ந்தாள். வழியில் சிவப்பு விளக்கில் நின்றபோது செல்லையா, "அன்னிக்கு நான் விட்டிருக்கணும்" என்றான். பச்சை விழுந்தது.

மண் கொட்டும் இடத்தில் இருபதுக்கும் மேற்பட்ட குவியல்கள் கிடந்தன. சாம்பல் நிறக் களிமண், செம்பனை வேர்கள், நண்டுக் கூடுகள். எல்லாம் ஒன்றுபோல. மறுகோடியில் ஒரு புல்டோசர் குவியல்களை ஒவ்வொன்றாகத் தள்ளிச் சமன் செய்துகொண்டு வந்தது. பாதி முடிந்துவிட்டது.

செல்லையா கையை உயர்த்தி, பெரட்டுக்களத்தில் கத்திய அதே குரலில் கத்தினான். "பெர்ஹெந்தி!"

புல்டோசர் நின்றது. ஓட்டியவன் வங்காளதேச இளைஞன். இயந்திரத்தை அணைக்காமலே எட்டிப் பார்த்து, ஒன்றை மட்டும் விடச் சொல்லிச் செல்லையா சைகை காட்டியதும், எதை என்று கையால் கேட்டான்.

செல்லையா லீலாவதியைத் திரும்பிப் பார்த்தான். "சொல்லு தங்கச்சி. எது?"

அவள் குவியல்களுக்கு நடுவே நடந்தாள். ஒன்றின் முன்னால் குனிந்தாள், கையை வைத்தாள், எடுத்தாள். அடுத்ததற்குப் போனாள். மண் இன்னும் ஈரமாக இருந்தது, அவ்வளவுதான். சமன் செய்து முடித்திருந்த தரையையும் பார்த்தாள். அதிலே டயர்த் தடங்கள். பின்னால் இன்னொரு லோரி வந்து நின்று ஹார்ன் அடித்தது.

லீலாவதி புடவையில் கையைத் துடைத்துக்கொண்டு ஓரமாக ஒதுங்கினாள்.

"ஓட்டச் சொல்லுங்க" என்றாள்.