சென் யூலான் பார்த்த நான்கு ஞாயிறுகள்

கட்டடக் கலைஞர் சென் யூலானுக்குச் சீனாவில் ஒரு பெயர் உண்டு. மலையோர நகரம் ஒன்றில் மருத்துவமனை கட்டக் கொடுத்த காணியில், விடியற்காலையில் மரக்கறி விற்கும் பெண்கள் இருந்தார்கள். அவர்களை எழுப்ப மனமில்லாமல் மருத்துவமனையையே தூண்களின் மேல் தூக்கி நிறுத்தியவர் அவர். இன்னோர் ஊரில் நூலகத்தின் உயரத்தைப் பாதியாகக் குறைத்தார். காரணம் கேட்ட அதிகாரியிடம், பின்வீட்டுக்காரர் உடுப்புக் காயப்போட வெயில் வேண்டும் என்றார். பரிசுகள் குவிந்தன.

மகளோடு ரொறன்ரோவுக்கு வந்து பதினொரு வருடங்கள். பரிசுகள் சுவரில் தொங்கின. கட்டடம்தான் ஒன்றுகூட எழும்பவில்லை. “வரைவதற்கு முன் அந்த இடத்தில் இருந்து பார்க்க வேண்டும், மூன்று மாதம் தாருங்கள்” என்று கேட்பார். கேட்கப்பட்டவர்கள் மூன்று நாளில் வேறு ஆளைப் பிடித்துவிடுவார்கள்.

மில்லிக்கனில், பபிள் டீக் கடைக்கு மேலே இருந்த அவருடைய அலுவலகத்தில் மொத்தம் இரண்டு பேர். அவரும் தனுஷிகாவும். தனுஷிகாவின் தகப்பன் அமிர்தநாதர், ஊரிலிருந்து வந்து குடியேறியவர்களின் சங்கத்துக்குத் தலைவர். சங்கம் ஒரு பழைய கம்பளக் களஞ்சியத்தை வாங்கி, இடித்து, மண்டபம் கட்டப் போகிறது என்று தெரிந்ததும் தனுஷிகாதான் யூலானைக் கொண்டுபோய் முன்னால் நிறுத்தினாள். போட்டிக்கு, ஒப்பந்தத்தில் கட்டடம் கட்டும் ஒரு கொந்தராத்துக்காரரும் இருந்தார். நாலு சுவர், ஒரு கூரை, ஆறு மாதம் என்பது அவருடைய திட்டம். வேலை யாருக்கு என்பதைப் பொதுக்கூட்டம் கையுயர்த்தித் தீர்மானிக்கும்.

“இதுவும் போனால் அலுவலகத்தைப் பூட்டிவிடுவேன்” என்றார் யூலான். “பேத்தியைப் பியானோ வகுப்புக்கு ஏற்றி இறக்க ஓர் ஆள் தேவையாம்.”

சிரித்துக்கொண்டுதான் சொன்னார். தனுஷிகாவுக்குச் சிரிப்பு வரவில்லை.

இந்த முறை யூலான் மூன்று மாதம் கேட்கவில்லை. நான்கு ஞாயிற்றுக்கிழமைகள், சங்கம் கூடுகிற பாடசாலை மண்டபத்தில் மூலையில் ஒரு கதிரை, அவ்வளவுதான். “நான் இருப்பதையே மறந்துவிடுங்கள்” என்றார்.

மறப்பதாவது! அன்றைக்கே அமிர்தநாதரின் குரல் எல்லாருடைய வட்ஸ்அப்பிலும் ஒலித்தது. “உலகமறிஞ்ச மனிசி வாறா. ஐஞ்சு மணியெண்டால் ஐஞ்சு மணி. பார்க்கிங்கில ஆம்பிளையள் கூட்டம் போடக் கூடாது. கார் டிக்கியைத் திறந்து வச்சு றோல்ஸ் சாப்பிடக் கூடாது. அன்ரனெற் அக்கா, குறை நினையாதேங்கோ, உங்கட குரலைக் கொஞ்சம் பதிச்சுக் கதையுங்கோ. மானத்தை வாங்கிப்போடாதேங்கோ.”

அப்படியொரு ஒழுக்கத்தை அந்தச் சங்கம் அதற்குமுன் கண்டதில்லை. ஐந்துக்கு ஐந்து நிமிடம் இருக்கவே கதிரைகள் நிறைந்தன. பிள்ளைகள் கைகட்டி இருந்தார்கள். செயலாளர் வாய் திறந்தாலே குறுக்கே பாயும் கஸ்பர், கழிப்பறைக்குப் போகவும் கையை உயர்த்தி அனுமதி கேட்டார். தேத்தண்ணி வந்தது, குடித்தார்கள், கோப்பை வைக்கிற சத்தமும் கேட்கவில்லை. வழக்கமாகக் கதவிலிருந்து காருக்குப் போக ஒரு மணித்தியாலம் எடுக்கிற சனம், பத்து நிமிடத்தில் கலைந்துபோனது.

நான்கு ஞாயிறும் இதே கதை. யூலான் குறிப்புப் புத்தகத்தை நிரப்பினார். கடைசி நாள் தனுஷிகாவின் காரில் வரும்போது கேட்டார்: “இவர்கள் எப்போதும் இப்படித்தானா?”

தனுஷிகா சிவப்பு விளக்கைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பாவைக் காட்டிக்கொடுப்பதா? “கிட்டத்தட்ட” என்றாள்.

அந்த ஒற்றைச் சொல்லிலிருந்து ஒரு முழு மண்டபம் முளைத்தது. அழகான மண்டபம், அதில் குறை சொல்ல முடியாது. நிலத்தில் பூட்டிய இருக்கைகள் வரிசை வரிசையாக மேடையைப் பார்த்தன. ஆள் ஆளாக நுழைகிற ஒடுங்கிய வாசல். தேத்தண்ணிக் கேத்தில் வைக்க மட்டும் இடமுள்ள ஒரு குசினி. குரலை உறிஞ்சிக்கொள்ளும் சுவர்கள். “இவ்வளவு அமைதியான மக்களை நான் எங்குமே பார்த்ததில்லை” என்று யூலான் உருகினார். அட்டையில் மாதிரி செய்தது தனுஷிகா. ஒவ்வொரு சுவராக ஒட்டும்போதும் நாளைக்குச் சொல்லிவிடலாம் என்று நினைத்தாள். கூரையும் ஒட்டியாயிற்று.

பொதுக்கூட்டத்தன்று, அதே பாடசாலை மண்டபத்தில், மாதிரி மேசையில் இருந்தது. எழுபத்துநாலு பேர் சுற்றி நின்று குனிந்து பார்த்தார்கள்.

“பிள்ளை, குசினி எங்க?” என்றார் அன்ரனெற் அன்ரி, இன்னும் பதித்த குரலில்.

தனுஷிகா விரலால் தொட்டுக் காட்டினாள்.

“இது அலுமாரியெல்லே!” பதித்த குரல் அத்தோடு போயிற்று. “இருநூறு பேருக்குப் புட்டு அவிக்கிறது உதுக்கையோ?”

“வாசலைப் பாருங்கோ” என்றார் கஸ்பர். “ஒராள் நிண்டு கதைச்சால் மற்றவன் வீட்டை போகேலாது. கதிரையையும் பூட்டிப்போட்டா. நான் எப்பிடித் திரும்பிப் பின்னால இருக்கிறவனோட சண்டை பிடிக்கிறது?”

“கொந்தராத்துக்காரன்ர பெட்டி இதைவிடத் திறம்” என்று யாரோ சொன்னார்கள். பல தலைகள் ஆடின.

யூலானுக்குத் தமிழ் தெரியாது. தலைகள் எந்தப் பக்கம் ஆடுகின்றன என்பது தெரிந்தது. குறிப்புப் புத்தகத்தைப் புரட்டினார், திரும்பவும் புரட்டினார்.

“அவவில பிழையில்லை” என்று தனுஷிகா குரலை எழுப்பினாள். “நீங்கள் நாலு கிழமையும் நடிச்சனீங்கள். அவ கண்டதைக் கீறியிருக்கிறா. எப்பவும் இப்பிடியோ எண்டு என்னைக் கேட்டவ. கிட்டத்தட்ட எண்டு நானும் பொய் சொன்னனான்.” பிறகு அதையே யூலானுக்கு ஆங்கிலத்தில் சொன்னாள். அதுதான் கூடக் கஷ்டமாக இருந்தது.

பிறகென்ன, பூகம்பம். ஆர் நடிக்கச் சொன்னது என்று கஸ்பர் கேட்க, நல்லதுக்குத்தானே சொன்னனான் என்று அமிர்தநாதர் கத்த, என்ர குரலில என்ன குறை கண்டனீ தம்பி என்று அன்ரனெற் அன்ரி ஒரு மாதக் கணக்கை அவரிடம் தீர்த்தார். பிள்ளைகள் கதிரைகளைக் கவிழ்த்து ரெயில் ஓட்டினார்கள். யாரோ எங்கிருந்தோ அன்ரனெற் அன்ரி பொரித்த றோல்ஸைக் கொண்டுவந்தார்கள்.

யூலான் வாயைப் பிளந்தபடி பார்த்தார். பிறகு மாதிரியின் கூரையைக் கழற்றினார். இருக்கைகளை ஒவ்வொன்றாகப் பிய்த்துக் குப்பைக் கூடையில் போட்டார். சத்தம் மெல்ல அடங்கியது.

“நாற்பது ஊர்களில் இருந்து பார்த்திருக்கிறேன்” என்றார். தனுஷிகா தமிழாக்கினாள். “எந்த ஊரும் எனக்காக இவ்வளவு பாடுபட்டதில்லை. ஏமாந்தது என் பிழை. இன்னும் நான்கு ஞாயிறு தருவீர்களா?”

அமிர்தநாதர் தொண்டையைச் செருமினார். “எண்டைக்கு வாறா எண்டு கேள் பிள்ளை. நாங்கள் ஆயத்தமா...”

“சொல்ல மாட்டாவாம், அப்பா.”

சிரிப்பு வெடித்தது. அந்தச் சிரிப்போடேயே கைகள் எழும்பின. ஐம்பத்தொன்பது. கொந்தராத்துக்காரருக்குப் பதினான்கு. தலைவர் நடுநிலை வகித்தார், மரியாதைக்கு.

யூலான் அடுத்த ஞாயிறு வரை காத்திருக்கவில்லை. அளவு நாடாவை எடுத்துக்கொண்டு, குசினி வாசலை அடைத்து நின்ற ஒரு கூட்டத்தைச் சுற்றி அளக்கத் தொடங்கினார். அளப்பதைக் கண்டதும் கூட்டம் விறைத்தது. அன்ரனெற் அன்ரி சேலைத் தலைப்பைச் சரிசெய்தார். கஸ்பர் வயிற்றை உள்ளே இழுத்துக்கொண்டார்.

“ஐயோ, கதையுங்கோ!” என்றாள் தனுஷிகா. “வழமைபோலக் கதையுங்கோ!”

ஒருவரையொருவர் பார்த்தார்கள்.

“றோல்ஸுக்கு உப்புக் காணாது” என்றார் கஸ்பர் கடைசியில்.

“என்னது?” என்று அன்ரனெற் அன்ரி திரும்பிய வேகத்தில் யூலான் இரண்டடி பின்னால் போனார். நாடாவையும் இரண்டடி நீட்டி, அந்த அளவை எழுதிக்கொண்டார்.