சங்கு கேட்ட கேள்விகள்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், தப்பு என்னுடையது இல்லை. ஆபீஸ் லேப்டாப்பின் முன்விளிம்பில் வயர்லெஸ்ஸை அணைக்க ஒரு சின்னப் பொத்தான் இருந்தது. அதை இடப்பக்கம் தள்ளினால் நீல விளக்கு அணைந்து எல்லாத் தொடர்பும் அறுந்துவிடும். அந்தப் பொத்தானை எம்சீல் பசை வைத்து அடைத்தவன் எலக்ட்ரீஷியன் சுரேஷ். திட்டுவதென்றால் அவனைத்தான் திட்ட வேண்டும். நான் இன்றுவரை திட்டிக்கொண்டுதான் இருக்கிறேன்.

பச்சைத் தேயிலை விலை பாதாளத்துக்குப் போன வருஷம் அது. ஜெகதளாவுக்கு மேலே எங்கள் எஸ்டேட். ஃபேக்டரி வாரத்தில் மூன்று நாள்தான் ஓடியது. நேரம் பார்த்துச் சங்கின் மோட்டாரும் எரிந்து தொலைந்தது. சங்கு ஊதினால்தான் பெண்கள் கொழுந்தை எடை போட வருவார்கள். ஊதாவிட்டால் மழையோ பனியோ, செடிக்குள்ளேயே நிற்க வேண்டியதுதான். புது மோட்டார் என்றதும் முதலாளிக்குக் காது கேட்காமல் போய்விட்டது.

சுரேஷ்தான் மாரியம்மன் கோயில் ஆம்ப்ளிஃபையரைக் கெஞ்சி வாங்கி வந்து ஸ்டோர் ரூமில் வைத்தான். ஃபேக்டரிக் கூரையில் நாலு திசைக்கும் நாலு குழாய் ஸ்பீக்கர் கட்டினான். சங்குச் சத்தத்தை நெட்டிலிருந்து இறக்கி லேப்டாப்பில் போட்டான். லேப்டாப்பிலிருந்து ஆம்ப்ளிஃபையருக்கு வயர் கிடையாது, புளூடூத். கிளார்க் வேலை பார்த்த நான் மணி பார்த்து ஒரு பட்டனைத் தட்டினால் மலை முழுக்கச் சங்கு ஊதும். ராஜகுமாரி என்று பேர் வைத்ததற்கு எனக்கு வாய்த்த ஒரே அதிகாரம் அதுதான்.

ஒருநாள் என் கை பட்டு அந்தப் பொத்தான் நகர்ந்துவிட, சங்கு ஊதவில்லை. கொட்டுகிற மழையில் அரை மணி நேரம் கூடுதலாக நின்றுவிட்டு வந்த மூக்கம்மா அக்கா, சொட்டச் சொட்ட என் மேஜை முன்னால் நின்று பேசிய பேச்சை இங்கே எழுத முடியாது. மறுநாளே சுரேஷ் எம்சீலோடு வந்தான்.

"இனி எமனே வந்து தள்ளுனாலும் இது நகராது ராஜி" என்று பெருமையாகச் சொன்னான். பாவி.

எனக்கு அந்த வருஷம் ஒரே நினைப்புதான். ஃபேக்டரி மூடுவதற்குள் கீழே எங்காவது வேலை வாங்கிவிட வேண்டும். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனிக்கு எழுதிப் போட்டிருந்தேன். புதன்கிழமை பதினோரு மணிக்கு வீடியோவில் இன்டர்வியூ என்று பதில் வந்தது. வரிசையில் இருபது பேர். லைன் துண்டித்தால் அடுத்த ஆளைக் கூப்பிட்டுவிடுவார்களாம். புதன்கிழமை எனக்குத் தோதான நாள். மேனேஜர் பாலசுப்பிரமணியம் ஸ்டோர் ரூம் சாவியை இடுப்பில் செருகிக்கொண்டு குன்னூர் தேயிலை ஏலத்துக்குப் போய்விடுவார். ஆபீஸில் நான் மட்டும்தான்.

அம்மாவிடம் சொல்லவில்லை. அம்மா வீரம்மா பத்து வயதில் சிலோனிலிருந்து கப்பலேறி வந்தவள். ஊட்டிக்கு ஒரு கல்யாணத்துக்குப் போகலாம் என்றாலே, "பெட்டி கட்டுறதுன்னாலே எனக்கு வயித்தக் கலக்குது புள்ள" என்பாள். அவளாவது, திருப்பூர் வெயிலுக்கு வருவதாவது! வேலை கிடைத்தால் பிறகு காலில் விழுந்து கேட்கலாம், கிடைக்காவிட்டால் அவளுக்குத் தெரியவே வேண்டாம் என்று வாயை மூடிக்கொண்டேன். வேறு யாரிடமும் மூச்சு விடவில்லை. எங்கள் லைன் வீடுகளில் ஒரு ரகசியம் காலையில் முளைத்தால் மத்தியானம் காய்த்துவிடும்.

நெட் வயரை லேப்டாப்பில் செருகிவிட்டு வயர்லெஸ்ஸை அணைத்து வைக்கும்படி கம்பெனிக்காரர்கள் எழுதியிருந்தார்கள். இல்லாவிட்டால் வீடியோ கால் விட்டுவிட்டு வருமாம். பொத்தானோ எம்சீலுக்குள் சமாதியாகிவிட்டது. அதனால் திரையின் மூலையிலிருந்த வைஃபை குறியைத் தட்டினேன். அதன்மேல் சிவப்பாகப் பெருக்கல் குறி விழுந்தது. ஒழிந்தது வயர்லெஸ் என்று கையைத் தட்டிக்கொண்டேன். வைஃபை வேறு, புளூடூத் வேறு என்று எனக்கென்ன கனவா வந்தது? அக்காவைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளினால் தங்கச்சியும் கூடவே போய்விடுவாள் என்று நினைத்துவிட்டேன்.

பதினோரு மணி. காதில் இயர்போன். திரையில் கண்ணாடி போட்ட ஓர் அம்மா வந்து சிரித்தார். வாய் அசைந்தது. என் காதில் ஒன்றுமே விழவில்லை.

கூரைமேல் விழுந்தது.

"ராஜகுமாரிங்களா? நான் தாரிணி பேசறனுங்க. கேக்குதுங்களா?"

காக்காய்கள் அலறிக்கொண்டு பறந்தன. சங்குக்கு ஊளையிட்டுப் பழகிய நாய்கள் எல்லாம் ஒரே நேரத்தில் ஊளையிட்டன. எதிர் மலை நிதானமாக "களா, களா" என்றது.

"கேக்குதுங்க மேடம்" என்றேன். கேட்காமல் என்ன? ஜெகதளா பஸ் ஸ்டாப் வரைக்கும் கேட்டிருக்கும்.

ஜன்னலுக்கு நேர் கீழேதான் நாலாம் நம்பர் காடு. அதில் கொழுந்து கிள்ளிக்கொண்டிருந்த நாற்பது பெண்களும் நிமிர்ந்து நின்றார்கள். நடுவில் சிவப்புக் கட்டம் போட்ட தலைத்துணி ஒன்று. அம்மா.

ஆம்ப்ளிஃபையரை அணைக்கலாமென்றால் ஸ்டோர் ரூம் சாவி மேனேஜரின் இடுப்பில். அழைப்பைத் துண்டித்தால் வேலை போச்சு. துண்டிக்காவிட்டால் ரகசியம் போச்சு. இதிலே ஒரே ஆறுதல், குழாயில் தாரிணி மேடம் பேசுவது மட்டும்தான் போனது. என் பதில் போகவில்லை. மலைக்குக் கேள்வி மட்டும்தான் கேட்டது.

மேஜைக்கடியில் செல்போனை வைத்துக்கொண்டு சுரேஷுக்குச் செய்தி அனுப்பினேன். அவன் அன்றைக்குக் குந்தாவில் ஒயரிங் வேலைக்குப் போயிருந்தான். 'புளூடூத்தை எப்படி அணைக்கறது?'

"என்ன படிச்சிருக்கீங்க ராஜகுமாரி?" என்றது கூரை.

நான் வாயைத் திறப்பதற்குள் காட்டிலிருந்து மூக்கம்மா அக்கா கையைக் குவித்துக் கத்தினாள். "பி.காம்முனு சொல்லு புள்ள! ஃபர்ஸ்ட் கிளாஸுனு சேத்துச் சொல்லு!"

"பி.காம்ங்க மேடம். ஃபர்ஸ்ட் கிளாஸ்."

சுரேஷிடமிருந்து பதில் வந்தது. 'ஏன்? அணைச்சிராத, சங்கு போயிரும்.'

'டேய்!!!' என்று அனுப்பினேன்.

"உங்களுக்குக் கோவம் வருமுங்களா? எங்க ஆர்டர் செக்‌ஷன்ல பொறுமை ரொம்ப முக்கியமுங்க."

"எனக்குக் கோபமே வராதுங்க மேடம்" என்றேன், பேனா மூடியைக் கடித்துத் துப்பியபடி.

"வரும்! வரும்!" என்று நாற்பது குரல்கள் காட்டிலிருந்து எழுந்தன. பழிவாங்குகிறார்களாம்! எத்தனை நாள் இவர்கள் லீவு லெட்டரை நான் எழுதிக் கொடுத்திருப்பேன்!

தாரிணி மேடம் புருவத்தைச் சுருக்கினார். "ஏனுங்க, அங்க ஏதாவது திருவிழாவுங்களா? நான் பேசறதே எனக்குத் திருப்பிக் கேக்குதுங்க."

"மலை மேடம். எங்க ஊர்ல எதிரொலி கொஞ்சம் ஜாஸ்தி."

"அப்படீங்களா. சரி, இப்ப இருக்கற மேனேஜரோட ஒத்துப் போறீங்களா? ஆள் எப்படிங்க?"

இந்தக் கேள்வி நாலு திசைக்கும் போனது. காடு ஒரு நிமிஷம் அப்படியே நின்றது. பிறகு ஒருத்தி சிரிக்க ஆரம்பித்தாள். அது அடுத்தவளைத் தொற்றி, அப்படியே வரிசை வரிசையாக ஏறி, நாற்பது பேரும் செடியைப் பிடித்துக்கொண்டு குலுங்கினார்கள்.

"தங்கமான மனுஷர்ங்க" என்றேன் நான்.

"சிடுமூஞ்சி!" என்றது காடு.

கடைசி வளைவில் ஜீப் ஒன்று சட்டென்று நின்றதை அப்போதுதான் பார்த்தேன். ஏலத்தில் எங்கள் தேயிலையைச் சீந்த ஆளில்லாமல் மேனேஜர் சீக்கிரமே திரும்பிக்கொண்டிருந்தார். இன்றோடு இந்த வேலையும் போச்சு. ஆனால் சத்தியமாகச் சொல்கிறேன், சிரிப்பும் வந்தது. உதட்டைக் கடித்து அடக்கினேன்.

"கடைசியா ஒண்ணுங்க" என்றார் தாரிணி மேடம். "குவாட்டர்ஸ் ரெண்டு பேருக்குத் தர்றோம். தனியா வர்ற புள்ளைங்க ஆறே மாசத்துல ஊருக்கு ஓடிப் போயிருதுங்க. அதனால குடும்பத்தோட வர்றவங்களுக்குத்தான் இந்த வேலைங்க. உங்க அம்மா வருவாங்களா?"

'வருவாங்களா' என்று எதிர் மலையும் கேட்டது. சிரிப்பு பட்டென்று நின்றது. சிவப்புக் கட்டத் தலைத்துணி அசையாமல் என் ஜன்னலைப் பார்த்தது. நாய்கள்கூட வாயை மூடிக்கொண்டன.

அந்த நேரம் பார்த்துச் சுரேஷின் செய்தி வந்தது. 'வலது பக்கம் கீழ் மூலை, நீலக் குறி, ரைட் கிளிக், டிஸ்கனெக்ட்.'

யோசிப்பதற்குள் என் கை அதைச் செய்துவிட்டது. குழாய்கள் ஊமையாயின. தாரிணி மேடத்தின் குரல் இயர்போனுக்குள் அடக்கமாக வந்து உட்கார்ந்தது. ரெண்டு விநாடி நிம்மதி. பிறகு காட்டிலிருந்து ஒரு கூச்சல் எழுந்தது பாருங்கள், சீரியலின் முக்கியமான கட்டத்தில் கரண்ட் போனால் லைனில் எழுமே, அதே கூச்சல்.

"ஏய், யாருடி அமத்துனது?"

"போடு புள்ள! நல்ல எடத்துல நிறுத்திப்புட்டா!"

"சொல்லுங்க ராஜகுமாரி, அம்மா வருவாங்களா?" என்றது இயர்போன்.

பொய் சொல்லியிருக்கலாம். சொல்ல வரவில்லை. "வரமாட்டாங்க மேடம். அவங்களால இந்த மலையை விட்டு எங்கயும் வர முடியாது" என்றேன். 

"அப்படீங்களா" என்று தாரிணி மேடம் காகிதத்தில் ஏதோ எழுதப் பேனாவை எடுத்தார்.

கதவு படாரென்று திறந்தது. அம்மா நின்றாள். முதுகில் கொழுந்து மூட்டை, இடுப்பில் சுற்றிய சாக்கு, காலெல்லாம் சேறு. நாலாம் நம்பரிலிருந்து ஆபீஸுக்கு அந்த மேட்டை எப்படி ஏறினாளோ, மூச்சு இரைத்தது. அவளுக்குப் பின்னால் மூக்கம்மா அக்கா. ஜன்னல் கம்பிகளுக்கு நடுவே மற்ற முகங்கள்.

"அந்தம்மா கேட்டாங்களே, அம்மா வருவாங்களான்னு. நீ என்னா சொன்ன?"

நான் இயர்போன் வயரை விரலில் சுற்றினேன்.

"என்னா சொன்னடி?"

"வரமாட்டாங்கன்னு."

அம்மா மூட்டையை இறக்கிக் கீழே வைத்தாள். "என்கிட்ட கேட்டியா?"

"நீதானம்மா, பெட்டி கட்டுறதுன்னாலே..."

"என்கிட்ட கேட்டியா புள்ள?" அவள் குரல் உயரவில்லை. அதுதான் என்னைக் கொன்றது. "பத்து வயசுல எங்கப்பன் கப்பல்ல ஏத்துனப்ப, வர்றியான்னு கேக்கல. எறங்குன பெறகு இந்த மலைக்கு லாரியில ஏத்துனாங்க, அப்பவும் கேக்கல. கலியாணத்துக்குக் கேட்டாங்களா? அதுவுமில்ல. இன்னைக்கு மொகம் தெரியாத ஒரு அம்மா, இந்த மலையே கேக்குறாப்புல, வருவாங்களான்னு என்னயக் கேக்குறாங்க. அதுக்கும் நீயே பதில் சொல்லிப்புட்டியே."

 இருபத்தாறு வருஷமாக அவளோடு ஒரே தட்டில் சாப்பிட்டிருக்கிறேன். ஒரு தடவைகூட அவளை ஒன்றும் கேட்டதில்லை என்பது அப்போதுதான் உறைத்தது. இயர்போனைப் பிடுங்கிப் போட்டுவிட்டு எழுந்து நின்றேன்.

"அம்மா, திருப்பூருக்கு வர்றியாம்மா?"

அம்மா என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "மொதல்ல அந்தச் சங்கப் போடு. அவங்களே கேக்கட்டும். அவங்ககிட்டதான் சொல்லுவேன்."

நீலக் குறி, ரைட் கிளிக், கனெக்ட்.  "மேடம், நான் தப்பாச் சொல்லிட்டேன். அம்மா இங்கதான் இருக்காங்க. நீங்களே கேளுங்க" என்று லேப்டாப்பை அம்மா பக்கம் திருப்பினேன். தாரிணி மேடம் பேனாவைக் கீழே வைத்தார்.

"அம்மாவுங்களா? வணக்கமுங்க. திருப்பூருக்கு வர்றீங்களா?" என்று நாலு திசையும் கேட்டது.

"வர்றேன்!" என்றாள் அம்மா. லேப்டாப்பைப் பார்த்துச் சொல்லவில்லை, கூரையைப் பார்த்துச் சொன்னாள்.

"வர்றாங்க!" என்று மூக்கம்மா அக்கா ஜன்னலுக்கு வெளியே கத்தினாள். எதிர்க்காட்டில் யாரோ குலவை போட்டார்கள். "அப்பறம் என்னங்க, ஒண்ணாந்தேதி வந்து சேந்துக்குங்க" என்று கூரை அறிவித்ததும் குலவை மேலும் மேலும் ஏறியது. மூக்கம்மா அக்கா என் கன்னத்தைத் தேயிலைக் கறைக் கையால் கிள்ளிவிட்டாள். நான் சிரித்தேனா அழுதேனா, எனக்கே தெரியவில்லை.

கூட்டத்தை விலக்கிக்கொண்டு மேனேஜர் உள்ளே வந்தார். எல்லோரும் கப்சிப். அவர் என்னைப் பார்த்தார், லேப்டாப்பைப் பார்த்தார், தொண்டையைச் செருமினார்.

"ஏனுங்க அம்மிணி, லைன் இன்னும் இருக்குதுங்களா?"

"இருக்குதுங்க சார்."

"அங்க, இந்த, அனுபவஸ்தன் ஒருத்தன் தேவைப்படுமான்னு ஒரு வார்த்தை கேளுங்களேன். சிடுமூஞ்சின்னு மட்டும் சொல்லிராதீங்க."

ஆபீஸ் கூரையே பிய்த்துக்கொள்ளும்படி சிரித்தார்கள். அந்தச் சத்தத்துக்கு நடுவே அம்மா லேப்டாப்புக்கு அருகில் குனிந்தாள். அவளுக்கு இன்னும் ஒரு சந்தேகம் பாக்கி இருந்தது.

"ஏம்மா, அங்க சங்கு எத்தன மணிக்கு ஊதும்?"

தாரிணி மேடம் சிரித்தார். "இங்க சங்கெல்லாம் இல்லீங்கம்மா. வேலைக்கு வர்றது உங்க பொண்ணுதானுங்களே. நீங்க எப்ப எந்திரிக்கணும்னு தோணுதோ, அப்ப எந்திரிச்சுக்கலாமுங்க."

சிரிப்பு அடங்கிவிட்டது.  அம்மா என் கையைப் பிடித்தாள். உள்ளங்கை சொரசொரவென்று இருந்தது.

"புள்ள" என்றாள். "அத இன்னொருவாட்டி சொல்லச் சொல்லு."