ஏழு பலகையில் ஒரு பூமி

ஃப்ரீசர் பெட்டி உள்ளே வரவேண்டுமென்றால் பூமி வெளியே போகவேண்டும்.

லின்சி குனிந்து, கூடத்துத் தரையில் பரப்பியிருந்த ஏழு பலகைகளையும் ஒவ்வொன்றாக எடுத்தாள். ப்ளைவுட்டில் வெட்டிய ஏழு புவித்தட்டுகள். பசிபிக்குக்கு நீலம், யுரேசியாவுக்குப் பச்சை, இந்தியா இருக்கிற தட்டுக்குக் காவி. சாயம் நேற்றுதான் காய்ந்திருந்தது. தூசு படக்கூடாதென்று வண்ணப் பக்கத்தைக் கீழே கவிழ்த்து, பெரியது அடியில், சிறியது மேலே என்று வாசல் ஓரமாக அடுக்கினாள். அடுக்கி முடித்த பிறகுதான், அப்பா இறந்து இரண்டு மணி நேரம்கூட ஆகாத வீட்டில் தான் அளவு பார்த்துப் பலகை அடுக்கியிருப்பது உறைத்தது.

அப்பா கிளமென்ட் விடியற்காலை ஐந்து பத்துக்கு இறந்திருந்தார். சிறுநீரகம் கெட்டு ஒரு வருடமாகக் கட்டிலில் இருந்தவர். ஐந்து பத்து என்பதும் லின்சி பார்த்துச் சொன்ன நேரம்தான். அம்மா அவர் வாயில் தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தபோது அவள் சுவர்க்கடிகாரத்தைப் பார்த்திருந்தாள்.

பதினொரு மணிக்கு அவளுக்கு பி.எட். செய்முறைத் தேர்வு. கும்பகோணத்தில் ஒரு பள்ளியில் ஒன்பதாம் வகுப்புக்கு நாற்பது நிமிடம் பாடம் எடுக்கவேண்டும். வெளியூர்த் தேர்வாளர் பின்வரிசையில் உட்கார்ந்து மதிப்பெண் போடுவார். வராதவர்கள் அடுத்த வருடம்தான் எழுதமுடியும். அவளுக்கு வந்த தலைப்பு, புவித்தட்டுகளும் அவற்றின் எல்லைகளும்.

"எங்கடி போவ பொடவைய எடுக்குற?" என்றாள் அத்தை ஞானசௌந்தரி. தம்பிக்கு முடியவில்லையென்று குத்தாலத்திலிருந்து மூன்று நாள் முன்பே வந்துவிட்டவள். "அப்பன் கெடக்குறான். நீ பள்ளிக்கூடம் போறியா?"

லின்சி பீரோக் கதவைப் பிடித்தபடி நின்றாள்.

"நான்தான் போகச் சொன்னேன் அண்ணி" என்றாள் அம்மா அருள்மேரி. அப்பாவின் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தவள் எழுந்திருக்கவில்லை, குரலையும் உயர்த்தவில்லை.

"ஊரு என்ன பேசும் மேரி?"

"பேசட்டும். ஊரா வந்து அடுத்த வருசம் ஃபீஸ் கட்டப்போவுது? இவ இங்க உக்காந்தா அவரு எழுந்திருச்சு வந்துடப் போறாரா?" அம்மா அப்பாவின் சட்டைக் காலரை நேராக்கினாள். "வெள்ளிக்கிழமை சாயந்திரம் வரைக்கும் எப்படியாவது தாக்குப் புடிச்சிடுறேன், புள்ளைக்குப் பரீச்சைன்னு நேத்து சொன்னாரு. வெள்ளிக்கிழமைய பாத்துட்டாருல்ல. பாதி வார்த்தைய காப்பாத்திட்டாரு. மீதிய இவ காப்பாத்தட்டும்."

அத்தை மூக்கைச் சிந்தினாள்.

லின்சி உள்ளறையில் வெளிர் சாம்பல் நிறப் புடவையைக் கட்டினாள். தேர்வுக்கென்று எடுத்துவைத்திருந்தது மாம்பழ மஞ்சள். அதை மடிப்புக் கலையாமல் திரும்ப வைத்தாள். பாடத்திட்ட நோட்டைப் பிரித்துப் பார்த்தாள். முதல் ஐந்து நிமிடம் ஆர்வமூட்டல். ஆறிலிருந்து பதினைந்துவரை மாதிரியைக் கொண்டு விளக்கம். பதினாறிலிருந்து விலகும் எல்லை, இணையும் எல்லை, உரசும் எல்லை. எல்லாமே பலகைகளை நகர்த்திக் காட்டுவதாகத்தான் எழுதியிருந்தாள்.

அந்தப் பலகைகளின் ஓரத்தை உப்புத்தாள் வைத்துத் தேய்த்தவர் அப்பா. கட்டிலில் சாய்ந்தபடியே, நாளுக்கு ஒன்று என்று தேய்த்தார். அவருக்குத் தட்டுகளில் நம்பிக்கை கிடையாது. முப்பது வருடம் டெல்டா முழுவதும் தண்ணீருக்கு போர் போட்டவர்.

"தட்டு தட்டுங்குற. நான் அறுநூறு அடி எறக்கிப் பாத்திருக்கேன். மணலு, களி, மணலு, களி. உன் தட்டு எங்கம்மா இருக்கு?"

அவள் புத்தகத்தில் இருந்ததை வாசித்துக் காட்டினாள். "புக்குல போட்டிருந்தா இருக்கும்" என்று சொல்லிவிட்டுத் தேய்த்தார். இன்னும் வழவழப்பாக வேண்டும் என்று அவள் கேட்டதற்கு மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை. "ரொம்பத் தேச்சா வழுக்கிக்கிட்டுப் போயிடும். சிக்கணும். சிக்கி விடுபட்டாத்தானே ஆட்டம். பைப்பு புடிச்சுக்கிட்டா எங்களுக்கும் அப்படித்தான், படக்குனு விடுறப்ப வண்டியே குதிக்கும்."

லின்சி வெளியே வந்தபோது ஃப்ரீசர் பெட்டிக்குள் அப்பா படுத்திருந்தார். மோட்டார் ஓடிக்கொண்டிருந்தது. வாசல் ஓரம் காலியாக இருந்தது.

"அத்தை, இங்க வச்சிருந்த பலகைங்க எங்க?"

"எது, அந்த ப்ளைவுட்டு துண்டா? தர சரிவா இருக்கு, பெட்டி ஒருபக்கமா எறங்குது, முட்டுக் குடுக்க ஏதாச்சும் குடுங்கன்னு பெட்டிக்காரப் பையன் கேட்டான். நான்தான் எடுத்துக் குடுத்தேன். ஏன்?"

லின்சி மண்டியிட்டுப் பார்த்தாள். கழுவிவிட்டால் தண்ணீர் வாசலுக்கு ஓடட்டும் என்று சரிவாகப் போட்ட தரை. தாழ்ந்த பக்கத்து இரண்டு சக்கரங்களுக்கும் அடியில் பலகைகள் அடுக்கடுக்காக இருந்தன. கால்மாட்டில் பசிபிக், அதன்மேல் யுரேசியாவும் ஆப்பிரிக்காவும். தலைமாட்டில் இரண்டு அமெரிக்காக்களும் தென்துருவத் தட்டும், மேலே காவி விளிம்பு தெரிய இந்தியாவும். உயரம் கச்சிதமாக வந்திருந்தது. அடுக்கியவன் அளவு பார்த்துத்தான் வைத்திருக்கிறான்.

பெட்டியோடு வந்தவனுக்கு அவள் முகத்தைப் பார்த்ததும் ஏதோ புரிந்தது. "வேணும்னா நாலு பேரு சேந்து ஒரு கை தூக்குறோம்க்கா, நீங்க உருவிக்குங்க. வேற செங்கல்லு எதாச்சும் வைக்கலாம்."

பெட்டியின் கண்ணாடிக்குள் அப்பாவின் தாடை வெள்ளைத் துணியால் கட்டப்பட்டிருந்தது. தூக்கினால் அவர் ஒருபக்கமாகச் சரிவார்.

"வேணாம், இருக்கட்டும்" என்றாள் லின்சி.

அத்தை பெட்டிக்கு அடியில் பார்த்தாள். லின்சியைப் பார்த்தாள். "பரீச்சைக்கா அது?" என்றாள்.

அவளைக் கும்பகோணத்துக்குக் கூட்டிப்போக மிக்கேல்ராஜ் பைக்கைத் திருப்பி நிறுத்தியிருந்தார். அப்பாவோடு இருபது வருடம் போர் வண்டியில் இருந்தவர். கல்லறைத் தோட்டத்தில் குழி வெட்டுவதைப் பார்த்துவிட்டு வந்ததில் பாதமெல்லாம் சேறு.

"நேரம் ஒண்ணு சொல்லிடுறேன் பாப்பா, கேட்டுக்க. நாலடியில தண்ணி வந்துடுது. வாய்க்கா இன்னும் ஓடுதுல்ல. அதனால மூணடியோட நிறுத்தி வச்சிருக்கோம். ஃபாதர் வீட்டுல ஜெபத்த ஆரம்பிச்சதும் குழி வெட்டுறவனுக்கும் எனக்கும் போன் வரும், அப்பத்தான் மிச்சத்த வெட்டுவானுங்க. வெட்டிட்டா அப்புறம் காத்திருக்க முடியாது, ஊறிடும். மூணரைக்கு மூடி போட்டுருவாங்க. யாருக்காகவும் நிக்காது."

"மூணரைக்குள்ள வந்துடுவேன் மாமா."

"நீ வருவ. ரோடு விடணுமே. எல்லா அறுப்பு மெஷினும் இன்னைக்கு ரோட்டுலதான் நிக்குது."

தேர்வு நடந்த பள்ளியில் அவள் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால் இரக்கப்பட்டு மதிப்பெண் போடுவார்கள், அல்லது வீட்டுக்குப் போ என்று அனுப்பிவிடுவார்கள். இரண்டில் எது மோசம் என்று வழியெல்லாம் யோசித்தும் அவளால் முடிவுக்கு வரமுடியவில்லை.

தேர்வாளர் ஹமீதா பானு கண்ணாடியை மேலே தள்ளிப் பாடத்திட்டத்தைப் படித்தார். "மாதிரின்னு எழுதியிருக்கீங்க. எங்க?"

"கொண்டுவர முடியல மேடம்."

"செஞ்சீங்களா, செய்யலையா?"

"செஞ்சேன் மேடம். வீட்டுல தேவைப்பட்டுச்சு."

"மாடலா?"

"ஆமா மேடம்."

"கற்பிக்கும் உபகரணத்துக்குத் தனி மார்க். தெரியும்ல?"

"தெரியும் மேடம்."

ஹமீதா பானு அவளை ஒரு நொடி கூடுதலாகப் பார்த்துவிட்டு, பின்வரிசைக்குப் போய் உட்கார்ந்தார்.

லின்சி கரும்பலகை முழுவதற்கும் உலகத்தை வரைந்தாள். வெள்ளைச் சாக்பீஸில் கண்டங்கள், சிவப்பில் தட்டுகளின் எல்லைகள். அவசரத்தில் ஆப்பிரிக்கா கொஞ்சம் இளைத்துப்போனது. அதைத் திருத்த நேரமில்லை.

"நாம நிக்கிற தரை ஒரே துண்டு இல்ல. பெரிய பெரிய தட்டா உடைஞ்சு, மெதுவா நகர்ந்துகிட்டே இருக்கு. தட்டும் தட்டும் சேர்ற இடந்தான் எல்லை."

நடு வரிசையில் ஒரு பெண் கை தூக்கினாள். பெயர் கேட்டதற்குச் செம்மொழி என்றாள். "மிஸ், அந்த செவப்புக் கோட்டுல தண்ணி விட்டா மூடிக்குமா?"

வகுப்பு கொல்லென்று சிரித்தது. "சிரிக்காதீங்கடி" என்று அவள் திரும்பி முறைத்தாள். "எங்க வயல்ல சித்திரையில இப்படித்தான் மிஸ் கோடு கோடா வெடிக்கும். கால உள்ள விட்டா முட்டி வரைக்கும் போவும். மேட்டூர்ல தொறந்து தண்ணி வந்தா தானா மூடிக்கும்."

பாடத்திட்டத்தில் இந்தக் கேள்விக்கு நிமிடம் ஒதுக்கியிருக்கவில்லை. லின்சி சாக்பீஸைக் கீழே வைத்தாள்.

"நல்ல கேள்வி. வயல் வெடிக்கிறது மேல் மண்ணு காயிறதால. முட்டி ஆழம். சரி, உங்க ஊர்ல போர் போட்டா என்ன வருது?"

"மணலு மிஸ்."

"அதுக்குக் கீழ?"

"களி."

"அதுக்கும் கீழ மணலு. அறுநூறு அடி போட்டாலும் அவ்வளவுதான். பாறையையே பாத்ததில்லன்னு போர் போடுறவங்க சொல்லுவாங்க. சரியாத்தான் சொல்றாங்க. அவ்வளவும் ஆறு கொண்டுவந்து போட்டது. தட்டு அதுக்கும் அடியில, ரொம்ப ஆழத்துல ஆரம்பிக்குது. கனம் மட்டும் நூறு கிலோமீட்டர் இருக்கும். ஆறு போட்ட மண்ணு, அதுமேல நாம, எல்லாத்தையும் தூக்கிக்கிட்டுத்தான் அது நகருது. தண்ணி விட்டு மூடுற காரியம் இல்ல."

"எவ்ளோ வேகமா மிஸ் நகருது?"

"நம்ம நகம் வளர்ற வேகத்துல."

சொல்லிவிட்டு நின்றாள். ஞாயிற்றுக்கிழமை அப்பாவுக்கு அவள்தான் நகம் வெட்டிவிட்டாள். காலையில் அம்மா கைகளைக் கோத்துச் செபமாலை சுற்றியபோது, வெட்டிய இடத்தில் மெல்லிய வெள்ளை விளிம்பு வந்திருந்தது.

பின்வரிசையில் பேனா ஓடுவது நின்றது.

"செம்மொழி, பக்கத்துல இருக்கிறவளும் நீயும் எழுந்திருங்க" என்றாள் லின்சி. "உள்ளங்கையும் உள்ளங்கையும் வச்சு நல்லா அழுத்துங்க. அழுத்திக்கிட்டே நீ முன்னாடி தள்ளு, அவ பின்னாடி தள்ளட்டும். நகருதா?"

"இல்ல மிஸ், சிக்குது."

"இன்னும் தள்ளு. விடாத."

திடீரென்று கைகள் விடுபட்டு இருவரும் தடுமாறினார்கள். பெஞ்சு இடித்தது. மறுபடியும் சிரிப்பு.

"இதுதான் உரசுற எல்லை. சிக்கியிருக்கிற வரைக்கும் வெளியில ஒண்ணுமே தெரியாது. ஆனா அழுத்தம் ஏறிக்கிட்டே இருக்கும். விடுபடுற நேரம்தான் பூகம்பம். எல்லாரும் ஜோடி ஜோடியா செஞ்சு பாருங்க." பிறகு சாக்பீஸை எடுத்து, வங்காள விரிகுடாவுக்கு அப்பால், அந்தமானை ஒட்டிய கோட்டை இன்னொருமுறை அழுத்தி வரைந்தாள். "நமக்குக் கிட்ட இருக்கிற எல்லை இது. இங்க ஒரு தட்டு இன்னொண்ணுக்கு அடியில போகுது. இணையும் எல்லை. ரெண்டாயிரத்து நாலுல நாகப்பட்டினத்துக்கு வந்த அலை இங்கேருந்துதான் கிளம்புச்சு."

யாரும் சிரிக்கவில்லை. மணி அடிக்க இரண்டு நிமிடம் இருக்கும்போது அவள் மூன்று எல்லைகளையும் சொல்லி முடித்திருந்தாள்.

ஆனால் பதிவேட்டில் கையெழுத்து வாங்காமல் கிளம்பமுடியாது. இன்னும் நான்கு பேருடைய பாடம் முடிந்து, அவள் முறை வரும்போது இரண்டரை. ஹமீதா பானு கையெழுத்திட்டு மூடிய பிறகும் பதிவேட்டைத் தராமல் வைத்திருந்தார்.

"நடுவுல ஒரு இடத்துல நின்னீங்க."

"ஆமா மேடம்."

"மறந்துடுச்சா?"

"இல்ல மேடம்."

அவர் காத்திருந்தார். லின்சி பதிவேட்டுக்குக் கை நீட்டினாள். அவர் பதிவேட்டைத் தள்ளினார். "சரி, போங்க."

பாபநாசத்துக்கு முன்னால் ஓர் அறுவடை இயந்திரம் சாலையை முழுதாக அடைத்துக்கொண்டு ஊர்ந்தது. மிக்கேல்ராஜ் வரப்பை ஒட்டிய மண்பாதையில் பைக்கை இறக்கினார். "புடிச்சுக்க" என்றார். அவர் சட்டைப்பையில் போன் அடித்தது. எடுக்கவில்லை. அது எதற்கான அழைப்பு என்று இருவருக்கும் தெரியும்.

மாதா கோயிலில் மணி அடித்துக்கொண்டிருந்தது. ஃப்ரீசர் பெட்டி வேனில் ஏறியாகிவிட்டது. முற்றத்தில் பெஞ்சின்மேல் மரப்பெட்டி, பக்கத்தில் சாய்த்து வைத்த மூடி. கூட்டத்துக்குள் லின்சி வழி கேட்காமல் நுழைந்தாள். யாரோ "வந்துட்டா, வந்துட்டா" என்றார்கள். வேறு யாரோ "இப்பத்தான் நேரம் கெடச்சுதாக்கும்" என்றார்கள்.

"இப்பத்தான் கெடச்சுது, அதுக்கென்ன இப்ப?" என்று திரும்பிக் கேட்டவள் அத்தை.

மூடுவதற்கு முன்னால் வீட்டாட்கள் ஒவ்வொருவராக நெற்றியில் சிலுவை போடவேண்டும். அம்மா போட்டுவிட்டு நகர்ந்தாள். லின்சியின் முகத்தைப் பார்த்துத் தலையசைத்தாள். அத்தை தன் முறையை விட்டுக்கொடுத்து, லின்சியின் தோளைப் பிடித்து முன்னே தள்ளினாள்.

அப்பாவின் நெற்றியில், குளிரிலிருந்து வெளியே எடுத்த ஈரம் முத்து முத்தாகப் பூத்திருந்தது. லின்சி கட்டைவிரலை வைத்து மேலிருந்து கீழே, இடமிருந்து வலமாகக் கோடிழுத்தாள். எடுத்த பிறகுதான் விரலைப் பார்த்தாள். ரேகை முழுவதும் சாக்பீஸ். ஈரத்தில் அது இறங்கி, நெற்றியின் நடுவே ஒரு வெள்ளைச் சிலுவை தெளிவாகத் தெரிந்தது. குறுக்குக் கோட்டின் ஒரு நுனியில் மட்டும் லேசான சிவப்பு.

அத்தை துடைப்பதற்காக முந்தானையை எடுத்து நீட்டினாள். அருகில் போன கை அங்கேயே நின்றது. பிறகு பின்னால் வந்தது.

"மூடலாங்களா?" என்றார் ஆணியும் சுத்தியலுமாக நின்றவர்.

அம்மா லின்சியைப் பார்த்தாள்.

"மூடுங்க" என்றாள் லின்சி.