இடைவேளையில் ஓடிய காமிரா

பட்டனை ஒரு தடவை கூடுதலாக அழுத்திவிட்டான். அவ்வளவுதான் தப்பு. அதன் பிறகு ஓட வேண்டிய நேரத்தில் காமிரா தூங்கியிருக்கிறது. தூங்க வேண்டிய நேரத்தில் ஓடியிருக்கிறது. அண்ணி கொடுத்த இரண்டு மணி நேரப் பேட்டியில் ஒரு வார்த்தை இல்லை. நாற்காலிக் கால், செருப்பு, சுவர் எல்லாம் பளிச்சென்று பதிவாகியிருந்தன.

பதினோரு வருஷமாக ஆவணப்படம் எடுப்பவன் செய்கிற காரியமா இது? தலையில் அடித்துக்கொள்ளத் தோன்றியது. கை எழவில்லை. அண்ணன் போனதிலிருந்து எதற்குமே எழுவதில்லை.

அண்ணன் தேர்தல் அதிகாரி. முடிவைத் திருத்தி எழுதிய தாளில் கையெழுத்துப் போட மறுத்தார். எங்கோ மூலைக்கு மாற்றினார்கள். போன இடத்தில் மாரடைப்பு. ஊரே சொல்லும் கதை அது. அரசியல் விஞ்ஞானத்தில் தம்பி புரட்டிய அத்தனை புத்தகமும் அந்த ஒரு மறுப்புக்கு முன்னால் ஒன்றுமில்லை. படத்தின் பெயரே ‘போடாத கையெழுத்து’.

பதிவை ஓட்டினான். திரையில் வெறும் தரை. அண்ணியின் அக்கா குரல் கேட்டது.

“எங்கேடி உன் கொழுந்தன்?”

“பக்கத்து வீட்டுத் தச்சர்கிட்ட மெஷினை நிறுத்தச் சொல்லப் போயிருக்கான்.”

“அவன்கிட்ட உண்மையைச் சொல்லித் தொலையேன்.”

“எப்படிக்கா? மாத்தல் உத்தரவைப் பார்த்ததுமே கையெழுத்தைப் போட்டுட்டார். போட்டும் மாத்தினாங்க. இவன் அண்ணனைச் சாமியா வச்சிருக்கான். விடு, இருந்துட்டுப் போகட்டும்.”

மூன்று தடவை கேட்டான். நான்காவது தடவை, தச்சர் மெஷினின் இரைச்சலைக் குறைத்துக் கேட்டான்.

மறுநாள் காலையில் அண்ணி வீட்டில் மறுபடி ஸ்டாண்டை விரித்தான்.

“காமிரா சொதப்பிடுச்சு அண்ணி. திரும்பப் பேசணும்.”

“நீ படிச்ச படிப்புக்கு மந்திரியாவேன்னு பார்த்தோம். ஒரு பட்டனை அழுத்தத் தெரியலை!” சிரித்தவள் சட்டென்று நிறுத்தினாள். “அப்போ நேத்து பேசினது ஒண்ணுமே பதியலையா?”

“நாற்காலிக் கால்தான் பதிஞ்சிருக்கு.”

அண்ணி புடவையைச் சரிசெய்துகொண்டு உட்கார்ந்தாள். சிவப்பு விளக்கு எரிந்தது.

“அண்ணன் கையெழுத்துப் போட்டாரா, அண்ணி?”

அவள் அவனையே பார்த்தாள்.

“நேத்து ‘ஏன் போடலை’ன்னுதானே கேட்டே?”

“ஆமாம்.”

“அதையே கேளு தம்பி. நேத்து சொன்னதையே சொல்றேன். உன் படம் நல்லா வரும்.”

பட்டனை அழுத்தினான். விளக்கு அணைந்தது. அணைந்ததுதானா என்று இரண்டு முறை குனிந்து பார்த்தான்.

“இப்பச் சொல்லுங்க.”

“போட்டார்,” என்றாள் அண்ணி. “படம் போச்சா?”

“போச்சு அண்ணி.”

ஸ்டாண்டின் மூன்று கால்களையும் ஒவ்வொன்றாக மடக்கிப் பையில் வைத்தான்.

“சாப்பிட்டுட்டுப் போ,” என்றாள்.

உட்கார்ந்தான்.